திறப்பு மாட்டும் ஓட்டை

முதல் நாள் எல்லாச் சிப்பையும் வெட்டினேன்.
நாற்பத்திரண்டாம் ஆண்டு சித்திரையில்
திருக்கடலூர்ப் பெண் ஒருத்தியின் சட்டையில்
சிப் இருந்திருக்க ஞாயமில்லை.
கிண்ணியாவிலிருந்து வந்த நசூர்தீன்
இருநூற்றுப் பத்துத் தெறி தைத்தார்.
"கமராவுக்கு முதுகு தெரியுமோ?"
ஒருதரம் மட்டும் கேட்டார்.
தெரியாது.
போட்டிருக்கிறவளுக்குத் தெரியும், என்றேன்.
தெறி பூட்டினவள் வேறுமாதிரித் திரும்புவாள்.

சாரங்களைத் தேத்தண்ணியில் அவித்து
டச்சுக் குடாப் பாறையில் அடித்து
மூன்று நாள் உப்புக் காற்றில் போட்டேன்.
நாலாம் நாள்தான் பழசாகச் சம்மதித்தன.
கதாநாயகனின் தோள் மட்டும் சம்மதிக்கவில்லை.
பங்கீட்டு அரிசிக் காலத்தில்
துறைமுகத்தில் மூட்டை சுமந்த எவனுக்கும்
அப்படித் தோள் இருந்த படம் என்னிடம் இல்லை.
இரண்டு அளவு பெரிய சட்டை போட்டு
உடம்பை உள்ளே ஒளித்தேன்.
இருபத்தாறு வருடத் தொழிலில்
நான் படித்தது பெரும்பாலும் இதுதான்.

முதல் படத்தில் அரசனுக்கு
பிஸ்கற் ரின் தகரத்தில் முடி செய்தேன்.
இமெல்டா என்ற என் பெயரை
கடைசிப் பட்டியலில் இமல்தா என்று போட்டார்கள்.
அம்மா எழும்பவில்லை.
வாசலுக்குப் போகிற சனத்தின்
தலைகளுக்கு நடுவில்
அந்த எழுத்துப்பிழையைத் தேடிக்கொண்டிருந்தா.

கோட்டைக்குள் படப்பிடிப்பு.
மான்களுக்கு உடுப்பு மாற்றத் தேவையில்லை
என்று நிம்மதியாக இருந்தேன்.
ஒன்று வந்தது, வாயில் நீலச் சொப்பிங் பை.
என் உதவியாள் விதுர்ஷா
வாழைப்பழத் தோலோடு பின்னால் ஓடினாள்.
நாற்பத்திரண்டு
கொஞ்ச நேரம் காத்துக்கொண்டு நின்றது.

யப்பான் விமானம் சுட்ட வீடு வேண்டும்.
உட்துறைமுகப் பக்கம் ஓர் ஒழுங்கையில் கிடைத்தது.
முன்சுவர் முழுக்க ஓட்டை.
இயக்குநர் கைதட்டினார், செலவே இல்லையென்று.
நான் கிட்டப் போய் விரலை விட்டுப் பார்த்தேன்.
நிலத்தில் நின்று சுட்டவை.
நெஞ்சு உயரம்.
மேலேயிருந்து வருவது சாய்ந்து இறங்கும்,
விளிம்பு நீளும்.
"இது வேற சண்டை" என்றேன்.
"எது?" என்றார் சென்னை ஒளிப்பதிவாளர்.
படகு எஞ்சின் ஒன்றைப் பிரித்துக்கொண்டிருந்த
வீட்டுக்காரர் கோணலிங்கம்
தலை நிமிராமல் சொன்னார்:
"தொண்ணூறு."

தொண்ணூறைப் பட்டி போட்டு மூடினோம்.
காய்ந்ததும் அதன்மேல்
நாற்பத்திரண்டை உளியால் கொத்தினோம்,
சரிவாக, கரி பூசி,
ஒன்றுபோல் ஒன்று இல்லாமல்.

கோணலிங்கம் ஒன்றே ஒன்று கேட்டார்.
கதவோரத்து ஓட்டையை விடுங்கோ,
அதிலதான் திறப்பு மாட்டுறனான்.
ஓட்டைக்குள் மரத்துண்டு இறுக்கி
ஆணி அடித்திருந்தார்.
அவ்விடம் காட்சிக்குள் வருகுது, ஏலாது, என்றேன்.
அந்த ஏலாதைச் சொல்லும் குரலுக்கும் சேர்த்துத்தான்
எனக்குச் சம்பளம்.

கடைசி நாள்.
எல்லாரும் பெட்டி கட்டினார்கள்.
ஒப்பந்தத்தில் எழுதியிருந்தது:
வீட்டை இருந்தபடியே ஒப்படைப்போம்.
தொடர்ச்சிக்கு எடுத்த படங்களை
சுவரோடு வைத்துப் பிடித்தபடி கேட்டேன்,
பட்டியைச் சுரண்டவோ?
அவர் படத்தைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார்.
"அது கிடக்கட்டும்.
ஆணியைத் தாங்கோ."

ஆணி தொலைந்திருந்தது.

புது ஆணி வாங்கி
வினாகிரியிலும் உப்பிலும் இரவு முழுக்க ஊறவைத்தேன்.
விடியத் துரு பிடித்திருந்தது,
முப்பது வருடத் துரு, குறை சொல்ல ஏலாத துரு.
பழைய இடத்தில், பழைய ஆழத்தில்
நானே அடித்தேன்.

கோணலிங்கம் திறப்பை மாட்டினார்.
கையை எடுக்காமல் கொஞ்சம் நின்றார்.
"இது அது இல்லை."
எப்படித் தெரியும்?
"அது ஆடும்."

வானில் ஏறியிருந்தவர்கள் ஹோர்ன் அடித்தார்கள்.
நான் பெட்டியைத் திரும்ப இறக்கி
குறடு எடுத்து
ஆணியை ஒருதரம் இடப்பக்கம்,
ஒருதரம் வலப்பக்கம்.
"இன்னும் கொஞ்சம்" என்றார்.